அச்சத்தின் நடுவே பிறந்த ஓதல்கள்: ஹத்தாது ராத்திபின் வரலாறும் அது கேட்கும் பாதுகாப்பும்

அளவற்ற அருளாளனும் நிகரற்ற அன்புடையோனுமாகிய அல்லாஹ்வின் திருநாமத்தால்.

வீட்டில் நோய் நீடித்தாலும், கடன் நெருக்கினாலும், பிள்ளைகள் தூர தேசம் புறப்பட்டாலும் நம் பெரியவர்கள் சொல்லும் சொல் ஒன்று உண்டு: "ராத்திபு ஓதுங்கள், ஹிஸ்புல் பஹ்ரு ஓதுங்கள், அல்லாஹ் லேசாக்குவான்." அந்தச் சிறு கிதாபுகள் இன்றும் நம் இல்லங்களில் குர்ஆன் ஷரீஃபுக்கு அருகில் வைக்கப்பட்டிருக்கின்றன. ஓரங்கள் மடிந்து, பக்கங்கள் பழுத்து, பாட்டனார் கையிலிருந்து பேரன் கைக்கு வந்தவை அவை.

ஆயினும் அவற்றை யார் தொகுத்தார், எந்த ஆண்டில் தொகுத்தார், எதை அஞ்சித் தொகுத்தார், அல்லாஹ்விடம் எதைக் கேட்டார் என்று வினவுவோர் குறைவு. இந்த வினாக்களுக்கு விடை தெரியாததால் நம்மிடையே இரு போக்குகள் வளர்ந்துள்ளன. ஒரு சாரார், இத்தனை முறை ஓதினால் இன்னது கைகூடும் என்று கணக்கிட்டு, ஓதலை ஒரு மந்திரம்போல் கையாளுகின்றனர். மற்றொரு சாரார், அடிப்படையற்ற பழக்கம் என்று சொல்லி அதை அப்படியே ஒதுக்கிவிடுகின்றனர். வரலாற்றைச் சற்று நின்று நோக்கினால், இவ்விரு சாராரும் காணத் தவறிய ஓர் உண்மை புலப்படும். அதை எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

சொற்கள் உணர்த்தும் பொருள்

அரபு மொழியில் இத்தகைய ஓதல்களுக்குப் பல பெயர்கள் உள்ளன. "விர்து" என்ற சொல்லின் மூலப்பொருள் நீர்த்துறைக்குச் செல்லுதல் என்பதாகும். தாகமுற்ற ஒட்டகம் நாள்தோறும் நீர்நிலையை நாடிச் செல்வதுபோல், அடியான் தன் இறைவனின் நினைவை நாடிச் செல்வதே விர்து. அதன் பன்மையே "அவ்ராது". "ஹிஸ்பு" என்பது ஒரு பகுதி. ஒருவர் தமக்கென வகுத்துக்கொண்ட ஓதலின் பங்கு. "ராத்திபு" என்பது நிலையானது, ஒழுங்காக நடைபெறுவது என்ற பொருளுடையது. மாதந்தோறும் தவறாமல் கிடைக்கும் ஊதியத்தையும் அரபுகள் ராத்திபு என்றே அழைப்பர்.

ஆபத்து வந்தபோது மட்டும் நாடுவது என்ற கருத்து இச்சொற்களுள் எதிலும் இல்லை. தினமும் தொடர்வது என்ற கருத்தே எல்லாவற்றிலும் அமைந்திருக்கிறது. அமல்களுள் அல்லாஹ்வுக்கு மிக உவப்பானது, குறைவாயினும் தொடர்ந்து செய்யப்படுவதே என்று அண்ணல் நபி (ஸல்) அவர்கள் கூறியதாக அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் அறிவிக்கும் ஹதீஸ் புகாரியிலும் முஸ்லிமிலும் இடம்பெற்றுள்ளது. ராத்திபு என்ற பெயரே அந்த நபிமொழியின் நிழலில் நிற்பதாகக் கொள்ளலாம்.

கடற்பயணியின் ஹிஸ்பு

காலவரிசையில் முதலில் நோக்கத்தக்கது ஹிஸ்புல் பஹ்ரு, அதாவது கடலின் ஹிஸ்பு. இதை ஓதியவர் இமாம் அபுல் ஹஸன் அஷ்ஷாதுலீ (ரஹ்) அவர்கள். மொரோக்கோவின் வடபகுதியில் பிறந்து, துனீசியாவில் வாழ்ந்து, பின்னர் எகிப்தின் அலெக்ஸாந்திரியாவைத் தம் இருப்பிடமாகக் கொண்டவர்கள். எகிப்திலிருந்து ஹஜ்ஜுக்குச் செல்வோர் மேல் எகிப்தின் பாலைவனத்தைக் கடந்து ஐதாபு துறைமுகத்தை அடைந்து, அங்கிருந்து செங்கடலைத் தாண்டி ஜித்தாவில் இறங்குவது அக்கால வழக்கம். பாய்மரக் கப்பல்கள் காற்றை நம்பியே ஓடின. காற்று நின்றால் பயணமும் நின்றது. காற்று சீறினால் உயிருக்கே உறுதியில்லை.

இத்தகைய ஒரு பயணத்தில் காற்று எதிர்த்து, கப்பல் நாட்கணக்கில் நகராமல் நின்றபோது இந்த ஹிஸ்பு இமாமவர்களுக்கு அருளப்பெற்றதாக ஷாதுலிய்யா தரீக்காவின் நூல்கள் கூறுகின்றன. புகழ்பெற்ற பயணி இப்னு பதூதா தம் பயண நூலில் இந்த ஹிஸ்பை முழுமையாகவே பதிவுசெய்துள்ளார். ஐதாபுக் கடலில் பயணம் செய்யும்போது இமாமவர்கள் இதை நாள்தோறும் ஓதி வந்தார்கள் என்பது அவர் தரும் செய்தி.

அதே நூலில் இப்னு பதூதா மற்றொரு செய்தியையும் சொல்கிறார். இமாமவர்கள் தம் இறுதி ஹஜ்ஜுப் பயணத்துக்குப் புறப்பட்டபோது, ஒரு கோடரியையும் ஒரு கூடையையும் மய்யித்துக்குரிய நறுமணப் பொருளையும் எடுத்துக்கொள்ளுமாறு தம் பணியாளரிடம் கூறினார்கள். காரணம் வினவியபோது, ஹுமைதராவில் அறிந்துகொள்வாய் என்று விடையளித்தார்கள். மேல் எகிப்தின் பாலைவனத்திலுள்ள ஹுமைதராவை அடைந்ததும் குளித்து, இரண்டு ரக்அத் தொழுது, இறுதி ஸஜ்தாவில் வஃபாத்தானார்கள். அது ஹிஜ்ரி 656, அதாவது கி.பி. 1258ஆம் ஆண்டு. அவர்களின் கப்று இன்றும் அவ்விடத்திலேயே உள்ளது; இப்னு பதூதாவும் அதை நேரில் ஜியாரத் செய்தவர்.

இவ்விரு செய்திகளையும் சேர்த்துப் படிக்க வேண்டும். கடலின் ஆபத்திலிருந்து காக்கும்படி அல்லாஹ்விடம் இறைஞ்சக் கற்றுத் தந்த அதே மனிதர், தமக்குக் குழி தோண்டும் கருவியையும் உடன் எடுத்துச் சென்றார். மரணம் வராது என்ற உறுதியை அந்த ஹிஸ்பு அவர்களுக்கு அளிக்கவில்லை; மரணம் வரும் இடத்திலும் ஸஜ்தாவில் இருக்கும் மனத்தை அளித்தது.

முற்றுகைக்குள் எழுந்த கோட்டை

மத்ரஸாக்களில் தஜ்வீது கற்ற எவரும் இமாம் இப்னுல் ஜஸரீ (ரஹ்) அவர்களின் பெயரை அறிவர். கிராஅத் கலையில் பேரறிஞர். தஜ்வீதைச் செய்யுளாக்கித் தந்த அவர்களின் முகத்திமா இன்றும் மனனம் செய்யப்படுகிறது. ஹிஜ்ரி 751இல் திமிஷ்கில் பிறந்து, 833இல் ஷீராஸில் வஃபாத்தானவர்கள்.

ஹிஜ்ரி 791ஆம் ஆண்டின் இறுதி மாதமான துல்ஹஜ்ஜில், அதாவது கி.பி. 1389 டிசம்பரில், திமிஷ்கு நகரம் முற்றுகையிடப்பட்டிருந்தது. மம்லூக் ஆட்சியாளர்களுக்கிடையே மூண்ட அதிகாரப் போட்டியே அதற்குக் காரணம். இதைத் தைமூரின் முற்றுகை என்று கூறுவோர் உளர். ஆனால் தைமூர் திமிஷ்குக்கு வந்தது அதற்குப் பத்தாண்டுகளுக்கும் மேலான பிற்காலத்தில், கி.பி. 1401இல்தான். 1389இல் அந்நகரை வாட்டியது முஸ்லிம்களின் உள்நாட்டுப் பூசல். நகர வாயில்கள் மூடப்பட்டிருந்தன, நீர்வரத்து தடைப்பட்டிருந்தது, மக்கள் மதில்களின்மீது நின்று அல்லாஹ்விடம் மன்றாடிக்கொண்டிருந்தனர். அந்த நாட்களில்தான் இமாமவர்கள் "அல்ஹிஸ்னுல் ஹஸீன்", அதாவது உறுதியான கோட்டை, என்ற துஆத் தொகுப்பை நிறைவுசெய்தார்கள்.

அந்நூலின் அமைப்பில் ஒரு சிறப்பைக் காணலாம். ஒவ்வொரு துஆவும் எந்த ஹதீஸ் நூலிலிருந்து எடுக்கப்பட்டது என்பதைக் குறிக்க, நூலுக்கு ஓர் எழுத்தென அடையாளங்களை இமாமவர்கள் வகுத்தார்கள். புகாரிக்கு ஓர் எழுத்து; முஸ்லிமுக்கு ஓர் எழுத்து. உயிருக்கு அஞ்சும் வேளையிலும் கையில் கிடைத்ததையெல்லாம் எழுதிச் சேர்க்காமல், எது எங்கிருந்து வந்தது என்று சரிபார்த்தே எழுதினார்கள். இன்று கைபேசியில் வரும் துஆ எதுவாயினும் மூலம் கேளாமல் பத்துப் பேருக்கு அனுப்பும் நமக்கு இதில் ஒரு படிப்பினை உண்டு.

ஹள்ரமவ்த்தில் எழுந்த அச்சம்

இனி நம் மஹல்லாக்களில் பெரிதும் அறியப்பட்ட ஹத்தாது ராத்திபுக்கு வருவோம். யமன் நாட்டின் கிழக்கே பரந்து கிடக்கும் பள்ளத்தாக்கு ஹள்ரமவ்த். மண்கட்டிகளால் எழுப்பப்பட்ட பல மாடி வீடுகளுக்குப் பெயர்பெற்ற ஷிபாம் நகரமும், ஸாதாத்மார்களும் உலமாக்களும் நிறைந்த தரீம் நகரமும் அப்பள்ளத்தாக்கில் உள்ளன. தரீமுக்கு அருகில் ஹிஜ்ரி 1044 ஸஃபர் மாதத்தில், அதாவது கி.பி. 1634இல் இமாம் அப்துல்லாஹ் இப்னு அலவீ அல்ஹத்தாத் (ரஹ்) அவர்கள் பிறந்தார்கள். சிறு குழந்தைப் பருவத்திலேயே பெரியம்மை நோயால் இரு கண்களின் பார்வையையும் இழந்தார்கள். பார்வையிழந்த அந்தச் சிறுவர் குர்ஆனை மனனம் செய்தார். மார்க்கக் கல்வியைக் கேட்டே கற்றார். பின்னாளில் நூல்களைப் பிறர் எழுத எடுத்துரைத்தார். "அந்நஸாயிஹுத் தீனிய்யா", "ரிஸாலத்துல் முஆவனா" முதலான அவர்களின் நூல்கள் மூன்று நூற்றாண்டுகளுக்குப் பின்னும் கற்பிக்கப்படுகின்றன.

உஸ்மானியப் படைகள் கி.பி. 1635ஐ ஒட்டி யமனை விட்டு நீங்கிய பின், வடக்கு மலைப்பகுதியின் ஸைதிய்யா இமாம்களின் ஆட்சி விரிந்தது. இமாம் அல்முதவக்கில் இஸ்மாயீலின் காலத்தில், 1660ஐ ஒட்டி, அவர்களின் படை ஹள்ரமவ்த்தை அடைந்தது. ஹள்ரமவ்த் மக்கள் ஷாஃபிஈ மத்ஹபினர், கொள்கையில் அஷ்அரிய்யாக்கள். ஸைதிய்யாக்களும் கிப்லாவை நோக்கித் தொழுவோரே, குர்ஆனை ஓதுவோரே. ஆயினும் அகீதாவின் சில பிரிவுகளில், குறிப்பாகக் கத்ரு பற்றிய கொள்கையில், அவர்கள் முஃதஸிலாக்களின் வழியை ஒட்டியவர்களாக இருந்தனர். தீமை அல்லாஹ்வின் நாட்டத்தில் அடங்காது என்பது அவ்வழியினரின் கூற்று. ஆட்சி மாறினால் பாடம் மாறும், பாடம் மாறினால் பாமர மக்களின் நம்பிக்கை தடுமாறும் என்ற கவலை ஹள்ரமவ்த்தின் பெரியோர்களிடம் எழுந்தது.

அவ்வேளையில் ஷிபாம் பகுதியைச் சேர்ந்த, பனூ ஸஅத் குலத்தவரான ஆமிர் என்ற மாணவர் இமாமவர்களிடம் ஒரு வேண்டுகோள் வைத்தார். தம் ஊர் மக்கள் ஒன்றுகூடி ஓதவும், அவர்களின் ஈமான் காக்கப்படவும் ஓர் ஓதலைத் தொகுத்துத் தாருங்கள் என்பதே அது. ஹிஜ்ரி 1071 ரமளான் 27ஆம் இரவில், கி.பி. 1661 மே மாதத்தில், இமாமவர்கள் அதைத் தொகுத்தளித்தார்கள். அப்போது அவர்களுக்கு வயது 27தான். முதலில் ஆமிரின் ஊரில் ஓதப்பட்ட அது, மறு ஆண்டு தரீமுக்கு வெளியேயுள்ள அல்ஹாவீயில் இமாமவர்களின் பள்ளிவாசலில் தொடங்கப்பெற்றது. இஷாத் தொழுகைக்குப் பின் ஓதுவது அதன் வழக்கம். ரமளானில் மட்டும் தராவீஹ் தாமதமாகாதிருக்க இஷாவுக்கு முன்னரே ஓதுவர்.

வந்துகொண்டிருந்தது ஒரு படை. ஆனால் அம்மாணவர் கேட்டது படை திரும்பிப் போவதற்கான ஓதலை அன்று. படை வந்தாலும் ஈமான் போகாதிருப்பதற்கான ஓதலை. வரலாற்றின் இந்த நுணுக்கத்தை நாம் மறந்துவிடலாகாது.

ராத்திபினுள் அமைந்திருப்பவை

ராத்திபு ஃபாத்திஹா சூராவில் தொடங்கி, ஆயத்துல் குர்ஸீயையும் பகரா சூராவின் இறுதி இரண்டு வசனங்களையும் தொடர்கிறது. அவ்விரு வசனங்களை இரவில் ஓதுபவருக்கு அவையே போதுமானவை என்று நபி (ஸல்) அவர்கள் கூறியதாக அபூ மஸ்ஊத் (ரலி) அவர்கள் அறிவிக்கும் ஹதீஸ் புகாரியிலும் முஸ்லிமிலும் உண்டு. அடுத்துத் தஹ்லீல், தஸ்பீஹ், இஸ்திக்ஃபார், ஸலவாத் ஆகியவை மும்மூன்று முறை வருகின்றன. அல்லாஹ்வின் பரிபூரணமான வார்த்தைகளைக் கொண்டு பாதுகாவல் தேடும் துஆ வருகிறது. இது கவ்லா பின்த் ஹகீம் (ரலி) அவர்கள் அறிவிக்க முஸ்லிமில் பதிவானது. அல்லாஹ்வின் பெயருடன் எதுவும் தீங்கிழைக்காது என்ற பொருளுடைய துஆ வருகிறது. இது உஸ்மான் (ரலி) அவர்கள் அறிவிக்க அபூதாவூதிலும் திர்மிதீயிலும் உள்ளது.

பின்னர் ராத்திபுக்கே உரிய ஓரிடம் வருகிறது. நன்மையும் தீமையும் அல்லாஹ்வின் நாட்டப்படியே நிகழ்கின்றன என்ற பிரகடனத்தை மூன்று முறை ஓதுகிறோம். 1661ஆம் ஆண்டின் சூழலை அறியாதவருக்கு இது ஒரு பொதுவான திக்ராகவே தோன்றும். அறிந்தவருக்கோ, எந்தக் கொள்கை ஆட்டம் காணும் என்று ஹள்ரமவ்த் மக்கள் அஞ்சினார்களோ, அந்தக் கொள்கையை எழுதப் படிக்கத் தெரியாத உழவரும் ஒவ்வோர் இரவும் தம் நாவால் உறுதிப்படுத்தும்படி இமாமவர்கள் அமைத்தார்கள் என்பது விளங்கும். ஒரு விவாத நூல் எட்ட முடியாத இடத்தை மூன்று முறை ஓதப்படும் ஒரு சிறு வாக்கியம் எட்டியது.

அதன்பின் பிழை பொறுக்கும் வேண்டல். அதையடுத்து ராத்திபின் இதயம் என்று சொல்லத்தக்க துஆ. கண்ணியமும் மகத்துவமும் உடையவனே, எங்களை இஸ்லாம் மார்க்கத்திலேயே மரணிக்கச் செய்வாயாக என்ற கருத்துடைய அதை ஏழு முறை ஓதுகிறோம். அதைச் சூழ்ந்துள்ள துஆக்கள் மூன்று முறையே ஓதப்பெறுகின்றன. அநியாயக்காரர்களின் தீங்கிலிருந்து காக்குமாறு கேட்பது மூன்று முறை. முஸ்லிம்களின் காரியங்களைச் சீராக்குமாறு கேட்பது மூன்று முறை. கவலை நீக்குமாறு கேட்பது மூன்று முறை. ஈமானுடன் மரணிக்கக் கேட்பதோ ஏழு முறை. எண்ணிக்கையே இங்கு நமக்கு ஒரு பாடம் நடத்துகிறது: எல்லாவற்றையும் கேளுங்கள்; ஆனால் எதை மிகுதியாகக் கேட்க வேண்டும் என்பதை அறிந்து கேளுங்கள்.

இறுதியில் கலிமா 50 முறை; விரும்புவோர் மிகுதியாகவும் ஓதலாம். இக்லாஸ் சூரா மூன்று முறை, ஃபலக், நாஸ் சூராக்கள், ஃபாத்திஹாக்கள், துஆ. நிறுத்தி ஓதினாலும் ஒரு சிறு பொழுதே ஆகும். மேலும் இதன் வேண்டல்களுள் பெரும்பாலானவை "எங்களை", "எங்களுக்கு" என்ற பன்மையில் அமைந்துள்ளன. அல்லாஹ்வை இறைவனாகப் பொருந்திக்கொண்டேன் என்று ஹதீஸில் ஒருமையில் வருவது, ராத்திபில் பொருந்திக்கொண்டோம் என்று பன்மையாகிறது. ஒருவருடைய வீட்டுக்குக் காவல் கேட்பதாக இல்லாமல், ஓர் ஊரே கைகோத்து நின்று கேட்பதாக இது அமைந்துள்ளது.

கடல் கடந்து சென்ற ராத்திபு

ஹள்ரமவ்த் மக்கள் வணிகத்துக்காகவும் மார்க்கப் பணிக்காகவும் கடல் கடந்தவர்கள். மலபார், ஜாவா, சுமத்ரா, மலாய் தீபகற்பம், கிழக்கு ஆப்பிரிக்கா என அவர்கள் சென்ற இடமெல்லாம் ராத்திபும் சென்றது. மலபாரில் இன்றும் அது அன்றாட ஓதல்.

அது அடைந்த மிகத் தொலைவான இடங்களுள் ஒன்று ஆப்பிரிக்காவின் தென்முனையிலுள்ள கேப் டவுன். 1652 முதல் டச்சுக் கம்பெனி அங்கு அடிமைகளையும் நாடுகடத்தப்பட்டோரையும் கொண்டுசென்று குடியேற்றியது. இந்தோனேசியத் தீவுகள், வங்காளம், மலபார், இலங்கை ஆகியவற்றோடு நம் சோழமண்டலக் கரையிலிருந்தும் மனிதர்கள் அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டனர். டச்சுக்காரர் ஆட்சியில் அங்கு இஸ்லாத்தை வெளிப்படையாகப் பின்பற்றத் தடை இருந்தது. முதல் பள்ளிவாசல் 1790களில்தான் உருவாயிற்று. வழிபாட்டுச் சுதந்திரம் 1804இல்தான் கிடைத்தது. திதோர் தீவிலிருந்து நாடுகடத்தப்பட்டு ராபன் தீவில் சிறைவைக்கப்பட்ட இமாம் அப்துல்லாஹ் இப்னு காளீ அப்துஸ் ஸலாம் அவர்கள் குர்ஆனைத் தம் நினைவிலிருந்தே எழுதித் தந்தார்கள். அம்மக்களின் வழித்தோன்றல்கள் வியாழன் இரவுகளில் கூடி ஓதும் மஜ்லிஸுக்குக் "கதாத்" என்று பெயர். ஹத்தாத் என்பதே அவர்கள் நாவில் அவ்வாறு திரிந்தது.

பள்ளிவாசலையும் நூலையும் தாய்மொழியையும் பெயரையும் பிறர் பறிக்கலாம். நெஞ்சில் மனனமானதைப் பறிக்க முடியாது. இஸ்லாத்திலேயே மரணிக்கச் செய் என்று ஏழு முறை கேட்கும் ஓர் ஓதல், அத்தகைய ஒரு சமூகத்தினரிடம் தங்கி நிலைத்ததில் வியப்பில்லை.

நம் கரைக்கும் இத்தகைய ஓதல்களோடு நெருங்கிய உறவு உண்டு. இமாம் ஹத்தாத் (ரஹ்) அவர்கள் தரீமில் வாழ்ந்த அதே காலத்தில், காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் ஸதக்கத்துல்லாஹ் அப்பா (ரஹ்) அவர்கள் வாழ்ந்தார்கள். ஹிஜ்ரி 1042இல் பிறந்து 1115இல் வஃபாத்தான அவர்கள் இயற்றிய குத்பிய்யா இன்றும் நம் ஊர்களில் ஓதப்படுகிறது. ஜலாலிய்யா ராத்திபு மஜ்லிஸ்களையும், ஷாதுலிய்யா தரீக்காவினர் ஓதும் ஹிஸ்புல் பஹ்ரையும் காயல்பட்டினத்திலும் இலங்கையிலும் காணலாம். அரபுத்தமிழ் எழுத்தில் மார்க்கம் கற்ற நம் முன்னோர், தொழுகைக்குப் பின் ஓதும் அவ்ராதுகளைப் பெண்களுக்கும் பிள்ளைகளுக்கும் வாய்மொழியாகவே கற்றுக்கொடுத்தனர். நம் குடும்பங்களில் ஈமான் நிலைத்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

அபான் (ரஹ்) அவர்களின் விடை

இங்கு ஒரு வினா எழுவது இயல்பு. ஓதியும் துன்பம் வந்தால் என்ன? காலையும் மாலையும் ஓதிவந்த தாய்க்குப் புற்றுநோய் வந்தால், ராத்திபு ஓதிய வீட்டில் இளம்பிள்ளை மரணித்தால், அந்த ஓதல் பொய்த்ததா? இவ்வினாவை வாய்விட்டுக் கேட்க அஞ்சி, மனத்துக்குள் புழுங்கி, ஓதலையே கைவிட்டோர் உண்டு.

இதற்கு விடையை உஸ்மான் (ரலி) அவர்களின் மகனார் அபான் (ரஹ்) அவர்களின் வாழ்வில் காண்கிறோம். அல்லாஹ்வின் பெயருடன் எதுவும் தீங்கிழைக்காது என்ற அந்தத் துஆவைக் காலையும் மாலையும் மூன்று முறை ஓதியவருக்கு எதுவும் தீங்கு செய்யாது என்ற ஹதீஸை அறிவித்தவர் அவர்களே. பின்னர் அவர்களுக்கே ஒரு பக்கம் வாதநோய் கண்டது. அவர்களிடம் அந்த ஹதீஸைக் கேட்ட மனிதர் வியப்போடு அவர்களையே உற்று நோக்கினார். அபான் (ரஹ்) அவர்கள் அந்தப் பார்வையின் பொருளை உணர்ந்து, ஹதீஸ் நான் உமக்கு அறிவித்தபடியே உள்ளது. ஆயினும் அல்லாஹ் தன் கத்ரை நிறைவேற்றுவதற்காக, அன்று நான் அதை ஓதவில்லை என்ற கருத்தில் விடையளித்தார்கள். திர்மிதீயிலும் அபூதாவூதிலும் இச்செய்தி உள்ளது.

அவர்கள் ஹதீஸைச் சந்தேகிக்கவில்லை; அல்லாஹ்வின்மீது குறைபடவுமில்லை. ஓதலும் கத்ருக்குள் அடங்கியது என்பதை உணர்ந்திருந்தார்கள். துஆ என்பது அல்லாஹ்வின் கையைக் கட்டும் ஒப்பந்தமன்று. அவனுடைய வாசலில் நிற்கும் அடியானின் வேண்டல். கேட்டதையே அவன் தரலாம். அதைவிடச் சிறந்ததைத் தரலாம். மறுமைக்காகச் சேமித்தும் வைக்கலாம்.

காரணங்களைக் கைக்கொள்வதும் இதனோடு இணைந்ததே. பாதுகாவல் தேடும் துஆக்களைக் கற்றுத் தந்த நபி (ஸல்) அவர்களே உஹுதுப் போரில் இரட்டைக் கவசம் அணிந்தார்கள். ஒட்டகத்தைக் கட்டிவிட்டுத் தவக்குல் வைக்கச் சொன்னார்கள். திமிஷ்கு மக்கள் துஆச் செய்தது மதில்மீது நின்றுகொண்டுதான். வாயில்களைத் திறந்துபோட்டுவிட்டு அன்று. ஆகவே, மருந்தை நிறுத்திவிட்டு இதை ஓதினால் போதும் என்று கூறுவோரையும், இத்தனை ரூபாய்க்கு இத்தனை ஆயிரம் முறை ஓதித் தருகிறேன் என்று விலை பேசுவோரையும் நம் குடும்பங்கள் அஞ்சி விலக வேண்டும். இந்த ஓதல்களைத் தொகுத்த இமாம்களின் வழி அதுவன்று.

கருத்து வேறுபாடு குறித்து

குறிப்பிட்ட நேரத்தில், குறிப்பிட்ட எண்ணிக்கையில், கூட்டாக ஓதுவது நபிவழியில் நேரடியாக வரவில்லை என்று கூறும் உலமாக்கள் உளர். திக்ரு மஜ்லிஸின் சிறப்பை உரைக்கும் ஹதீஸ்களை ஆதாரமாக்கி, ஓதப்படும் வார்த்தைகள் குர்ஆனிலும் ஸுன்னாவிலும் வேரூன்றியிருக்கையில், மக்களுக்கு எளிதாக்க அவற்றை ஓர் ஒழுங்கில் அமைப்பது ஆகுமானதே என்று கூறும் உலமாக்களும் உளர். நம் மத்ரஸாக்களில் பெரும்பாலானவை இரண்டாம் நிலையைச் சார்ந்தவை. எனினும் ராத்திபு ஃபர்ளு அன்று. அதை ஓதாதவர் பாவியும் அல்லர். அதற்காக ஃபர்ளான தொழுகை தவறுமாயின், அது தலையை விட்டுவிட்டுத் தலைப்பாகையைக் காப்பதற்கு ஒப்பாகும்.

ராத்திபை ஏற்காதோர் கையிலுள்ள "ஹிஸ்னுல் முஸ்லிம்" என்னும் சிறு நூலையும் ஹத்தாது ராத்திபையும் அருகருகே வைத்துப் பாருங்கள். ஆயத்துல் குர்ஸீ, பரிபூரண வார்த்தைகளைக் கொண்டு பாதுகாவல் தேடும் துஆ, உஸ்மான் (ரலி) அவர்கள் அறிவித்த துஆ, அல்லாஹ்வை இறைவனாகப் பொருந்திக்கொள்ளும் வார்த்தை ஆகியவை இரண்டிலும் உண்டு. ஒரே வீட்டில் அண்ணன் ஒன்றையும் தம்பி மற்றொன்றையும் ஓதி, அதனால் பேச்சுவார்த்தையே முறிந்துபோன நிலையைப் பார்க்கிறோம். இருவர் நாவிலும் இருப்பவை பெரும்பாலும் ஒரே நபியின் வார்த்தைகள் என்பதை இருவரும் அறிந்தால் எவ்வளவு நலம்.

நம் இல்லங்களில்

அன்பிற்குரிய பெற்றோர்களே! மேற்கூறிய வரலாற்றிலிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியவை சில உண்டு.

முதலாவது, பொருளுணர்ந்து ஓதுதல். ஏழு முறை ஓதுவது எதைக் கேட்டு என்று உங்கள் பிள்ளைக்குத் தெரியுமா என வினவுங்கள். தெரியவில்லையெனில், ஒரு நாளைக்கு ஒரு துஆ வீதம் பொருளைச் சொல்லிக்கொடுங்கள். ஒரு மாதத்துக்குள் ராத்திபு முழுவதும் பொருளோடு பதிந்துவிடும்.

இரண்டாவது, நிறுத்தி ஓதுதல். எழுத்துகள் விழுங்கப்பட்டு, எண்ணிக்கை மட்டும் நிறைவேறும் ஓதலால் உள்ளம் அசையாது. 50 கலிமாவை ஒரே மூச்சில் முடிப்பதைவிட, இயன்றதை அமைதியோடு ஓதுவது மேலானது.

மூன்றாவது, தொடர்ந்து ஓதுதல். தேர்வு வந்தபோதும் நோய் வந்தபோதும் மட்டும் கிதாபைத் தேடாமல், நலமாக இருக்கும் நாட்களிலும் ஓதுங்கள். இஷாவுக்குப் பின் கைபேசிகளை ஒதுக்கி வைத்துவிட்டு, தாயும் தந்தையும் பிள்ளைகளும் ஓரிடத்தில் அமரும் அந்தச் சிறு பொழுதே இக்காலத்தில் ஒரு கோட்டைதான்.

1661இல் ஹள்ரமவ்த்தின் வாயிலில் நின்றது கண்ணுக்குத் தெரிந்த ஒரு படை. இன்று நம் பிள்ளைகளின் ஈமானைச் சூழ்ந்திருப்பவை கண்ணுக்குத் தெரியாதவை; அவை வாசல் வழியாகவும் வருவதில்லை. பார்வையற்ற அந்த 27 வயது இமாம் தம் மக்களுக்காக எதைக் கேட்கக் கற்றுத் தந்தார்களோ, அதையே நாமும் நம் மக்களுக்காக அல்லாஹ்விடம் கேட்க வேண்டியவர்களாக இருக்கிறோம்.

வல்ல ரஹ்மான் நம் அனைவரையும், நம் சந்ததிகளையும் ஈமானோடு வாழச் செய்து, ஈமானோடு மரணிக்கச் செய்வானாக. நோயுற்றோருக்கு ஷிஃபாவையும், கடன்பட்டோருக்கு விடுதலையையும், பயணத்தில் இருப்போருக்கு நலமான திரும்புதலையும் அருள்வானாக. ஆமீன்.